அழுகும் சரக்கை அரசு பிடித்து வைத்தால்: நீதிமன்றம் வழியாக விடுவிப்பது பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழம், மீன், பால் பொருள், உறைந்த இறைச்சி, பூ, தானியம் என எதுவானாலும், துறை கையில் சிக்கிய நிமிடத்திலிருந்து அதன் விலை இறங்கத் தொடங்குகிறது. இந்த வழக்குகளில் சரி, தப்பு என்ற வாதத்தைப் பிறகு வைத்துக்கொள்ளலாம். சரக்கை வெளியே எடுத்து, அதன் இடத்தில் பணத்தையோ பேங்க் கேரண்டியையோ வைப்பதுதான் முதல் வேலை. கீழே உள்ளவை இந்தியச் சட்டங்களையும் தமிழ்நாட்டு நீதிமன்ற நடைமுறையையும் வைத்து எழுதியவை.

எல்லாவற்றையும் "பறிமுதல்" என்கிறார்கள். தாளிலும் அப்படித்தானா?

இல்லை. பேச்சில் ஒரே சொல், சட்டத்தில் மூன்று நிலை. தடுத்து நிறுத்துவது (டிடென்ஷன்), கைப்பற்றுவது (சீஷர்), பறிமுதல் (கான்ஃபிஸ்கேஷன்). முதல் இரண்டிலும் சரக்கு இன்னும் உங்களுடையது. துறை வைத்திருக்கிறது, அவ்வளவுதான். பறிமுதல் உத்தரவு வந்துவிட்டால் உரிமையே அரசுக்குப் போய்விடும். இடைக்கால விடுவிப்பு கேட்பது முதல் இரண்டு நிலைகளில். கையில் இருக்கும் தாளின் தலைப்பில் எந்தச் சொல், எந்தச் சட்டப்பிரிவு இருக்கிறது என்று முதலில் பாருங்கள். பாதிப் பேர் அதைப் பார்க்காமலே வக்கீலிடம் வருகிறார்கள்.

எந்த நீதிமன்றத்துக்குப் போவது?

யார் பிடித்தார்கள் என்பதை விட, எந்தச் சட்டத்தில் பிடித்தார்கள் என்பதுதான் வழியைத் தீர்மானிக்கிறது.

போலீஸ் எஃப்ஐஆர் போட்டுப் பிடித்திருந்தால் அந்த எல்லைக்குட்பட்ட ஜுடிஷியல் மாஜிஸ்திரேட். சுங்கம், ஜிஎஸ்டி என்றால் முதலில் அந்தத் துறை அதிகாரி. அவர் மறுத்தால் அல்லது மௌனமாக இருந்தால் அரசியலமைப்பின் 226-வது பிரிவில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசு அதிகாரிக்கு உத்தரவிடக் கோரும் மனு). ரேஷன் அரிசி போன்ற அத்தியாவசியப் பொருள் என்றால் மாவட்ட ஆட்சியரின் அதிகாரத்தில் இருப்பவர். தமிழ்நாட்டில் பெரும்பாலும் மாவட்ட வருவாய் அலுவலர். ரிட் மனுவில் இடமும் முக்கியம். தூத்துக்குடி துறைமுகம், திருச்சி விமான நிலையம் என்றால் மதுரைக் கிளை. சென்னை, எண்ணூர் என்றால் சென்னை முதன்மை அமர்வு. தவறான இடத்தில் தாக்கல் செய்து திரும்பி வருவதற்குள் இரண்டு நாள் போய்விடும். மீனுக்கு இரண்டு நாள் என்பது என்னவென்று சொல்ல வேண்டியதில்லை.

பிடித்த அன்றே செய்ய வேண்டியது என்ன?

மகஜரைப் (பிடித்த இடத்திலேயே அதிகாரி எழுதும் கைப்பற்றல் பதிவு) பாருங்கள். பின்னால் எழுதப்படும் எந்த மனுவையும் விட அந்த ஒரு தாள்தான் அதிகம் பேசும். "சுமார் 300 பெட்டி பழம்" என்று எழுதியிருந்தால் அங்கேயே எண்ணிக்கை, எடை, லாட் எண், பேக்கிங் தேதி, காலாவதித் தேதி எல்லாம் ஏறும்படி கேளுங்கள். சரக்கு அந்த நேரத்தில் நல்ல நிலையில் இருந்தது என்ற ஒரு வரி கட்டாயம் வேண்டும். குளிர்சாதனக் கன்டெய்னர் என்றால் செட் செய்த வெப்பநிலை, டிஸ்ப்ளேயில் தெரிந்த வெப்பநிலை, சீல் எண், கதவு திறந்த நேரம், மூடிய நேரம். அதிகாரி இவற்றைச் சேர்க்க மறுத்தால் அன்று மாலைக்குள் அதே விவரங்களோடு துறைக்கு மின்னஞ்சல் அனுப்பி, தபாலிலும் போடுங்கள்.

டிரைவரிடம் வாங்கிய வாக்குமூலத்தின் நகலும் வேண்டும். சரக்கு யாருடையது என்று டிரைவருக்குத் தெரியாது, "தெரியாது" என்றே சொல்லியிருப்பார். அந்த ஒரு சொல் பிறகு "உரிமையாளர் முன்வரவில்லை" என்று மாறி வந்து நிற்கும்.

இன்னொன்று. சரக்கை உங்கள் பொறுப்பிலேயே சீல் வைத்து விடச் சொல்லிக் கேளுங்கள். அள்ளிக்கொண்டு போக முடியாத நிலையில், "அனுமதியில்லாமல் அசைக்கக் கூடாது" என்ற தடை உத்தரவோடு சரக்கை இருந்த இடத்திலேயே விட்டுவைக்க சுங்கச் சட்டத்தின் 110(1) பிரிவும் ஜிஎஸ்டி சட்டத்தின் 67(2) பிரிவும் இடம் கொடுக்கின்றன. சரக்கு உங்கள் குளிர்பதனக் கிடங்கிலேயே இருப்பது, துறையின் கிடங்கில் வெயிலில் நிற்பதை விடப் பலமடங்கு நல்லது. துறையிடம் குளிர்பதன வசதி இல்லை என்பதையே காரணமாக எழுதுங்கள்.

அதிகாரி "பொதுக் குளிர்பதனக் கிடங்கில் வைக்கிறோம்" என்கிறார். சம்மதிக்கலாமா?

வெப்பநிலையைக் கேட்காமல் சம்மதிக்காதீர்கள். உறைந்த இறாலுக்கு மைனஸ் 18 டிகிரி செல்சியஸ் வேண்டும். ஆப்பிளுக்கு பூஜ்ஜியத்தை ஒட்டி. வாழைப்பழத்தை அந்தக் குளிரில் வைத்தால் தோல் கறுத்துப்போகும்; அதற்கு 13, 14 டிகிரி. மூன்றையும் ஒரே அறையில் போட்டால் இரண்டு வீணாகும். பழுத்த பழம் விடும் எத்திலீன் வாயு பக்கத்தில் இருக்கும் காய்களையும் பழுக்க வைத்துவிடும். இந்த விவரத்தை ஒரு பக்கக் கடிதமாகக் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். பின்னால் இழப்பீடு கேட்கும்போது, "எங்களுக்குத் தெரியாது" என்று துறை சொல்ல முடியாது.

நேராக ரிட் போட்டுவிடலாமே, துறைக்கு ஏன் மனு?

நீதிபதி கேட்கும் முதல் கேள்வி, "துறையிடம் கேட்டீர்களா?" என்பதுதான். மனு கொடுத்த ஒப்புகை இல்லாமல் போனால், "மனு கொடுங்கள், துறை பரிசீலிக்கட்டும்" என்ற உத்தரவோடு திரும்பி வருவீர்கள்.

மனுவில் கதை வேண்டாம். சரக்கு என்ன, எவ்வளவு, எப்போது கெடும், அதற்கு ஆதாரம் என்ன, எவ்வளவு ஈடு தரத் தயார் என்ற ஐந்தும் இருந்தால் போதும். கெடும் தேதிக்கு ஆதாரமாகத் தயாரிப்பாளரின் சான்று, லேபிள் புகைப்படம், ஆய்வக அறிக்கை, கன்டெய்னரின் வெப்பநிலைப் பதிவு ஆகியவற்றில் கிடைப்பதை இணையுங்கள். வெப்பநிலைப் பதிவின் வரைபடத்தை அச்செடுத்து வைத்தால் அதற்குத் தனி மதிப்பு உண்டு: கதவைத் திறந்த இரண்டு மணி நேரத்தில் கோடு எப்படி ஏறியிருக்கிறது என்பது ஒரு பார்வையில் தெரிந்துவிடும். கடைசி வரியில், "48 மணி நேரத்துக்குள் உத்தரவு வேண்டும், இல்லையென்றால் நீதிமன்றத்தை நாடுவோம்" என்று எழுதலாம். அது மிரட்டல் அல்ல. நேரக் கணக்கு எப்போது தொடங்கியது என்பதற்கான பதிவு.

சுங்கம் பிடித்த சரக்கை இடைக்காலமாக விடுவிக்க என்ன நிபந்தனை போடுவார்கள்?

சுங்கச் சட்டம் 1962-ன் 110ஏ பிரிவு. வழக்கு முடிவதற்கு முன்பே, பாண்ட் (பொறுப்பேற்கும் உறுதிப் பத்திரம்) எழுதிக் கொடுத்து, ஈடும் கட்டினால் சரக்கை உரிமையாளரிடம் விடலாம். முடிவெடுப்பவர் வழக்கைத் தீர்க்கும் அதிகாரி, அதாவது அட்ஜுடிகேட்டிங் அத்தாரிட்டி. பிடித்தது வருவாய்ப் புலனாய்வு இயக்குநரகமாக இருந்தாலும், விடுவிக்கும் உத்தரவு போட வேண்டியவர் வேறு ஒருவர் என்பதை மறந்துவிடுகிறார்கள். மனு தவறான மேசையில் ஒரு வாரம் கிடக்கும்.

நடைமுறையில் சரக்கின் முழு மதிப்புக்குப் பாண்ட். கூடவே வித்தியாச வரி, வரக்கூடிய அபராதம், தண்டத்தொகை இவற்றைக் கணக்கிட்டுப் பேங்க் கேரண்டியோ ரொக்க டெபாசிட்டோ. இதற்கான வழிகாட்டுதல் 2017-ம் ஆண்டு 35-ம் எண் சுற்றறிக்கையில் இருக்கிறது. பாண்ட் என்பது பெரும்பாலும் கையெழுத்துத்தான். பணத்தைக் கட்டிப்போடுவது பேங்க் கேரண்டி. நீதிமன்றத்தில் சண்டை நடப்பதும் அந்தத் தொகையைப் பற்றித்தான். துறை கேட்கும் தொகை சரக்கின் மதிப்பையே தாண்டிவிட்டால், அது விடுவிப்பு அல்ல, மறுப்பு என்று வாதாடலாம்.

ஒரு எச்சரிக்கை. 110(2)-ன்படி ஆறு மாதத்துக்குள் காரணம் கேட்கும் நோட்டீஸ் வரவில்லை என்றால் சரக்கைத் திருப்பித் தர வேண்டும். உயர் அதிகாரி மேலும் ஆறு மாதம் நீட்டிக்கலாம். 110ஏ-யில் இடைக்கால விடுவிப்பு உத்தரவு வந்துவிட்டால் இந்த ஆறு மாதக் கெடு பொருந்தாது (2018 திருத்தம்). அழுகும் சரக்குக்கு ஆறு மாதம் எப்படியும் பயன்படாது என்பதால், இந்த விட்டுக்கொடுப்பைத் தயங்காமல் செய்யலாம்.

நாம் கேட்கும் முன்பே துறை சரக்கை விற்றுவிட முடியுமா?

முடியும். கெடும் தன்மை, விலை இறங்கும் வேகம், வைக்க இடமின்மை ஆகியவற்றைக் கருதி அறிவிக்கையில் குறிப்பிட்ட சரக்கைக் கைப்பற்றிய உடனே அப்புறப்படுத்த 110(1ஏ) வழி செய்கிறது. அதற்கு முன் பட்டியல் எடுத்து, புகைப்படம், மாதிரி ஆகியவற்றை மாஜிஸ்திரேட் சான்று செய்ய வேண்டும். அந்த இடத்தில் நீங்கள் ஆஜராகி எண்ணிக்கையையும் நிலையையும் பதியச் செய்வது நல்லது. அதோடு, துறைமுகத்தில் இறங்கி எடுக்கப்படாத சரக்கை 30 நாள் கழித்து விற்கலாம் என்று 48-வது பிரிவு சொன்னாலும், அழுகும் சரக்குக்கு அந்த 30 நாள் கிடையாது. அதிகாரியின் அனுமதியோடு எப்போது வேண்டுமானாலும் விற்கலாம்.

விற்ற பணம் 150-வது பிரிவு சொல்லும் வரிசையில் கழியும்: விற்பனைச் செலவு, கப்பல் கட்டணம், வரி, கிடங்குக் கட்டணம், அரசுக்குள்ள மற்ற பாக்கி. மிச்சம்தான் உரிமையாளருக்கு. ஏலத்தில் பழம் என்ன விலைக்குப் போகும் என்று தெரிந்தவர்கள் இந்த மிச்சத்தை நம்பி உட்கார மாட்டார்கள். உங்கள் சம்மதத்தோடு வேறு முறையில் விற்கவும் அதே பிரிவில் இடமிருக்கிறது. விடுவிப்பு கிடைக்காது என்று தெரிந்தால், வாங்கத் தயாரான ஆளின் கடிதத்தோடு போய், "இந்த விலைக்கு விற்று, பணத்தை வழக்கு முடியும்வரை வைத்துக்கொள்ளுங்கள்" என்று கேளுங்கள்.

ஜிஎஸ்டி பறக்கும் படை லாரியை நிறுத்திவிட்டது. எவ்வளவு கட்ட வேண்டும்?

முதலில், ஈ-வே பில் (சரக்கை எடுத்துச் செல்வதற்கான மின்னணு ஆவணம்) தேவையா என்று பாருங்கள். வரி விலக்குப் பட்டியலில் உள்ள புதிய காய்கறி, பழம் போன்றவற்றுக்கு ஈ-வே பில்லே வேண்டாம். பில்லில் இருப்பது சிறு பிழை என்றால் (வாகன எண்ணில் ஒன்றிரண்டு எழுத்து, ஜிஎஸ்டி எண் சரியாக இருந்து பெயரில் எழுத்துப்பிழை), 129-வது பிரிவில் போகக் கூடாது, சிறு அபராதம் போதும் என்று 2018 செப்டம்பரில் வந்த 64-ம் எண் சுற்றறிக்கை சொல்கிறது. அதன் நகல் டிரைவர் கையிலேயே இருக்கட்டும்.

அதைத் தாண்டிய வழக்கு என்றால் 129-வது பிரிவு. உரிமையாளர் முன்வந்தால், செலுத்த வேண்டிய வரியைப் போல் 200 சதவீதம். வராவிட்டால் சரக்கு மதிப்பில் 50 சதவீதம் அல்லது வரியில் 200 சதவீதம், எது அதிகமோ அது. 5 சதவீத வரி உள்ள 10 லட்சம் ரூபாய் சரக்கு என்று வையுங்கள். வரி 50,000. நீங்கள் முன்வந்தால் 1 லட்சம். வராவிட்டால் 5 லட்சம். டிரைவர் சொன்ன "தெரியாது" நாலு லட்சம் ரூபாய்க்குச் சமம். அதனால் அனுப்பியவரோ பெறுபவரோ அன்றே லெட்டர்ஹெட்டில் "சரக்கு எங்களுடையது" என்று எழுதிக் கொடுக்க வேண்டும். இன்வாய்ஸ் கூடவே இருந்தால் இவர்களில் ஒருவரை உரிமையாளராகக் கருத வேண்டும் என்று 2018 டிசம்பர் 31 தேதியிட்ட 76-ம் எண் சுற்றறிக்கை இருக்கிறது. வரிவிலக்குச் சரக்கு என்றால் முன்வந்த உரிமையாளருக்கு மதிப்பில் 2 சதவீதம் அல்லது 25,000 ரூபாய், எது குறைவோ அது.

தடுத்த நாளிலிருந்து 7 நாளில் நோட்டீஸ், நோட்டீஸ் கிடைத்த 7 நாளில் உத்தரவு. உத்தரவு வந்து 15 நாளில் கட்டாவிட்டால் விற்கலாம். அழுகும் சரக்கென்றால் அந்த 15 நாளை அதிகாரி குறைக்கலாம். பணமாகக் கட்ட மனமில்லை என்றால் அதே தொகைக்கு ஈடு கொடுத்தும் எடுக்கலாம்.

தவிர்க்க முடியாமல் பணத்தைக் கட்டி எடுத்துவிட்டேன். வழக்கு முடிந்ததா?

துறை அப்படித்தான் சொல்லும். ஆனால் எம்ஓவி-09 படிவத்தில் காரணங்களோடு இறுதி உத்தரவு போட்டே ஆக வேண்டும், பணம் கட்டிவிட்டார் என்பதால் மேல்முறையீட்டு உரிமை போகாது என்று 2025-ல் ஒரு பாக்கு லாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கட்டும்போதே "ஆட்சேபணையோடு கட்டுகிறோம்" என்று எழுதிவிட்டு, ஆட்சேபணைக் கடிதத்தையும் தாக்கல் செய்யுங்கள்.

லாரி இல்லை, கிடங்கில் ரெய்டு நடந்து சீல் வைத்தார்கள்.

அது ஜிஎஸ்டி சட்டத்தின் 67-வது பிரிவு. இங்கே அழுகும் சரக்குக்கென்றே தனி விதி, 141. சந்தை மதிப்பு அல்லது வரி, வட்டி, தண்டம் சேர்ந்த தொகை, இரண்டில் எது குறைவோ அதைக் கட்டினால் ஐஎன்எஸ்-05 படிவத்தில் உடனடியாக விடுவிக்க வேண்டும். "உடனடியாக" என்பது விதியிலேயே உள்ள சொல். பேங்க் கேரண்டி வழியாகப் போகும் 140-வது விதியைத்தான் அதிகாரிகள் முதலில் நீட்டுவார்கள். சரக்கு அழுகும் வகை என்றால் 141-ஐக் கேளுங்கள்.

போலீஸ் பிடித்தால் மாஜிஸ்திரேட்டிடம் எப்படிக் கேட்பது?

2024 ஜூலை 1 முதல், பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக, பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா. பழைய 451 இப்போது 497. பழைய 457 இப்போது 503. பொருள் நீதிமன்றத்தில் ஒப்படைக்கப்பட்டிருந்தால் 497, போலீஸ் கைப்பற்றித் தகவல் மட்டும் கொடுத்திருந்தால் 503. எது என்று சந்தேகமாக இருந்தால் இரண்டையும் குறிப்பிட்டு மனு போடுவார்கள்.

விரைவில் இயல்பாகக் கெடக்கூடிய பொருளை, தேவையான சாட்சியத்தைப் பதிந்துவிட்டு விற்க உத்தரவிடலாம் என்று 497 நேரடியாகவே சொல்கிறது. புதிய சட்டத்தில் கெடுவும் வந்திருக்கிறது. பொருள் முன்வைக்கப்பட்ட 14 நாளில் விவரப் பட்டியல், புகைப்படம், தேவைப்பட்டால் வீடியோ. அதிலிருந்து 30 நாளில் ஒப்படைப்பு, விற்பனை போன்றவற்றுக்கு உத்தரவு. 2002-ல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம், கைப்பற்றிய பொருள் 15 நாள் முதல் ஒரு மாதத்துக்கு மேல் காவல் நிலையத்தில் கிடக்கக் கூடாது என்றது. மகஜரும் புகைப்படமும் இருந்தால் பொருளையே வழக்கு முடியும்வரை வைத்திருக்க வேண்டியதில்லை என்பதே அதன் சாரம். மனுவோடு அந்தத் தீர்ப்பின் நகலையும் வையுங்கள்.

மனுவில் இரண்டு கோரிக்கை எழுதுங்கள். ஒன்று, பாண்டும் ஜாமீன்தாரும் கொடுக்கிறோம், எங்களிடம் ஒப்படையுங்கள். இரண்டு, அது முடியாதென்றால் உடனே விற்றுப் பணத்தை நீதிமன்றக் கணக்கில் வட்டி வரும்படி போடுங்கள். இரண்டாவதை எழுத விட்டுவிடுகிறார்கள். சரக்குக்கு இரண்டு பேர் உரிமை கொண்டாடும் வழக்கில் முதல் கோரிக்கை கிட்டத்தட்ட நடக்காது. இரண்டாவது மட்டும்தான் சரக்கின் விலையைக் காப்பாற்றும். இன்வாய்ஸ், எடைச்சீட்டு, கொள்முதல் ரசீது, பணம் கட்டிய வங்கிப் பதிவு ஆகியவை அசலாகக் கையில் இருக்கட்டும். மாஜிஸ்திரேட் மறுத்தால் செஷன்ஸில் சீராய்வு அல்லது உயர் நீதிமன்றத்தில் 528-வது பிரிவில் மனு.

ரேஷன் அரிசி என்று பிடித்தார்கள். மாஜிஸ்திரேட் "எனக்கு அதிகாரமில்லை" என்கிறார்.

சரியாகத்தான் சொல்கிறார். அத்தியாவசியப் பொருட்கள் சட்டம் 1955-ன் 6இ பிரிவு, பறிமுதல் நடவடிக்கை நிலுவையில் இருக்கும்போது சரக்கையும் வண்டியையும் ஒப்படைக்கும் அதிகாரத்தை ஆட்சியருக்கே விட்டிருக்கிறது. 6ஏ-யின் கீழ் கெடக்கூடிய பொருளை அவர் விற்க உத்தரவிடலாம். பின்னால் பறிமுதல் இல்லை என்று முடிந்தால், செலவு போக மிச்சப் பணம் உரிமையாளருக்கு. உங்கள் சரக்கு ரேஷன் அரிசி இல்லை என்பதுதான் வாதம் என்றால், விற்பனைக்கு முன் மாதிரி எடுத்துச் சோதிக்கச் சொல்லுங்கள். விற்ற பிறகு அதை நிரூபிக்க எதுவும் மிஞ்சாது.

உணவுப் பாதுகாப்பு அதிகாரி பிடித்த பொருளை நீதிமன்றம் விடுமா?

தரம் பற்றிய சந்தேகம் இருக்கும்வரை தயங்கும். ஆய்வக அறிக்கைதான் இங்கே சாவி. 2006-ம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி மாதிரி நான்கு பங்காகிறது. ஒரு பங்கு உணவுப் பகுப்பாய்வாளருக்கு, இரண்டு நியமன அலுவலருக்கு, நான்காவதை அங்கீகரிக்கப்பட்ட ஆய்வகத்துக்கு அனுப்பும்படி நீங்கள் கேட்கலாம். கேட்காவிட்டால் அனுப்ப மாட்டார்கள். பகுப்பாய்வாளருக்கு 14 நாள் கெடு. மூன்று நாளில் கெடும் பொருளுக்கு 14 நாள் அறிக்கை என்பது கேலிக்கூத்து என்பதையே ரிட் மனுவின் மையமாக வைக்கலாம்: அறிக்கையை உடனே கொடு, அல்லது என் பொறுப்பில் சீல் வைத்து விடு.

உயர் நீதிமன்றத்தில் எவ்வளவு வேகமாக எடுத்துக்கொள்வார்கள்?

மனு சரியாக இருந்தால் ஓரிரு நாளில். வக்காலத்து, பிரமாண வாக்குமூலம், டைப்டு செட் (ஆவணத் தொகுப்பு), ரிட் மனு, கூடவே இடைக்கால உத்தரவு கேட்கும் டபிள்யூஎம்பி. நீதிமன்ற அலுவலகப் பிரிவில் குறை சொல்லித் திருப்பாமல் மனுவுக்கு நம்பர் ஆவதுதான் முதல் வெற்றி. டைப்டு செட்டில் மங்கலான ஜெராக்ஸ், தேதியில்லாத பக்கம், தமிழ் ஆவணத்துக்கு ஆங்கில மொழிபெயர்ப்பு இல்லாமை இவற்றுக்காகவே திரும்பி வரும். மிக அவசரம் என்றால் காலையில் நீதிபதி முன் "மென்ஷன்" செய்து லஞ்ச் மோஷன் அனுமதி வாங்கி, எதிர்தரப்பு அரசு வக்கீலுக்கு நகல் கொடுத்து, மதியம் 2.15-க்கு வாதிடலாம். மென்ஷன் செய்ய முப்பது விநாடிதான் கிடைக்கும். அதில் சொல்ல வேண்டியது சரக்கின் பெயர், கெடும் தேதி, துறைக்கு மனு கொடுத்த தேதி. சட்டப்பிரிவு எல்லாம் மதியம். மே மாத விடுமுறையில் விடுமுறைக்கால அமர்வு இருக்கும்.

கோரிக்கையை எழுதுவதில்தான் பலர் தோற்கிறார்கள். "என் மனுவைப் பரிசீலிக்க உத்தரவிட வேண்டும்" என்று கேட்டால், "நான்கு வாரத்துக்குள் பரிசீலிக்கவும்" என்று உத்தரவு வரும். வழக்கு ஜெயித்தாயிற்று, பழம் போயிற்று. அதனால் கோரிக்கையில் ஈட்டின் வகை, தொகை, நாள் மூன்றும் இருக்கட்டும்: இன்ன எண்ணுள்ள கன்டெய்னரை, முழு மதிப்புக்குப் பாண்டும் இவ்வளவு டெபாசிட்டும் பெற்றுக்கொண்டு, கட்டிய 24 மணி நேரத்துக்குள் விடுவிக்க வேண்டும். நீதிபதி தொகையைக் கூட்டலாம், குறைக்கலாம். எண் ஒன்று முன்னால் இருந்தால் பேச்சு அதைச் சுற்றியே நடக்கும். பரிசீலிக்கும்படிதான் உத்தரவு வரும் என்று தெரிந்தால், நாளை மணிக்கணக்கில் குறிக்கும்படியும், அதுவரை விற்பனைக்குத் தடையும் கேளுங்கள்.

"மாற்று நிவாரணம் இருக்கிறது, மேல்முறையீடு போகட்டும்" என்பது அரசு வக்கீலின் வழக்கமான முதல் வரி. மேல்முறையீடு முடியும்போது சரக்கு இருக்காது என்பதுதான் பதில். அதற்குத்தான் கெடும் தேதிக்கு ஆதாரம் வைக்கச் சொன்னது. வழக்கின் நியாயத்தை இழுத்துப் பேசாதீர்கள். பேசினால் நீதிபதி பதில் மனு கேட்பார். பதில் மனுவுக்கு இரண்டு வாரம்.

தடை செய்யப்பட்ட இறக்குமதி என்று சொன்னால்?

கடினம். உதாரணமாக, 2023 மே முதல் சிஐஎஃப் விலை (பொருள் விலை, காப்பீடு, கப்பல் கட்டணம் சேர்ந்தது) கிலோ 50 ரூபாயோ அதற்குக் கீழோ இருந்தால் ஆப்பிள் இறக்குமதி (பூட்டான் தவிர) தடை. அந்தத் தடையில் சிக்கினால் சுங்கச் சட்டத்தின் 125-வது பிரிவில் அபராதம் கட்டி மீட்பது உரிமை அல்ல, அதிகாரியின் விருப்பம். 2021-ல் ராஜ் க்ரோ இம்பெக்ஸ் வழக்கில், உயர் நீதிமன்ற இடைக்கால உத்தரவுகளை நம்பி அளவு வரம்பை மீறி இறக்கிய பட்டாணியை முழுப் பறிமுதலுக்கு உரியது என்றது உச்ச நீதிமன்றம். அபராதம் கட்டி மறு ஏற்றுமதி செய்ய மட்டும் வழி விட்டது. எனவே இப்படிப்பட்ட சரக்கில் மறு ஏற்றுமதியை ஆரம்பத்திலேயே மாற்றுக் கோரிக்கையாகச் சேர்த்துவிடுங்கள்.

உத்தரவு வந்துவிட்டது. சரக்கு இன்னும் வரவில்லை. ஏன்?

பெரும்பாலும் இந்தக் காரணங்களில் ஒன்று. உத்தரவில் கன்டெய்னர் எண்ணிலோ பில் ஆஃப் என்ட்ரி (சுங்கத்தில் தாக்கல் செய்யும் இறக்குமதிப் படிவம்) எண்ணிலோ ஒரு இலக்கம் தப்பு. திருத்தத்துக்கு மறுபடி நீதிமன்றம். "பேங்க் கேரண்டி" என்று மட்டும் எழுதியிருக்கிறது, வங்கி நாலு நாள் கேட்கிறது. கோரிக்கையிலேயே "பேங்க் கேரண்டி அல்லது ரொக்க டெபாசிட்" என்று எழுதியிருக்க வேண்டும். கிடங்கை நடத்தும் சிஎஃப்எஸ்-ஐயும் (கன்டெய்னர் சரக்கு நிலையம்) கப்பல் கம்பெனியையும் எதிர்மனுதாரராகச் சேர்க்கவில்லை; சுங்கம் விட்டாலும் அவர்கள் விட மாட்டேன் என்கிறார்கள். உணவு இறக்குமதிக்கு எஃப்எஸ்எஸ்ஏஐ (மத்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம்) தரும் தடையின்மைச் சான்றும், பழம், விதைக்குத் தாவரத் தனிமைப்படுத்தல் அனுமதியும் தனியாக வேண்டும். சுங்கத்துக்கு எதிரான உத்தரவு அவர்களைக் கட்டாது. இந்த வேலைகளை வழக்கோடு சேர்த்தே ஓட்டுங்கள்.

துறை கேட்பது சான்று நகல். இணையத்தில் ஏறிய நகலோடு வக்கீல் கடிதம் வைத்து அன்றே கொடுங்கள். சான்று நகலை வந்ததும் சேர்க்கலாம். பாண்டின் முத்திரைத்தாளையும் கேரண்டியின் வரைவையும் உத்தரவுக்கு முந்தைய நாளே தயார் செய்யலாம், யாரும் தடுக்கப் போவதில்லை. கெடு தாண்டியும் விடவில்லை என்றால் அவமதிப்பு மனு. ஆனால் அதற்கு முன் "இன்ன தேதிக்குள் விடாவிட்டால்" என்ற ஒரு நோட்டீஸ். பாதி வழக்குகளில் அந்த நோட்டீஸே வேலையை முடித்துவிடும்.

டிமரேஜ் (சரக்கு கிடங்கில் தங்கியதற்கான தாமதக் கட்டணம்) யார் கட்டுவது?

2009 சுங்கச் சரக்குக் கையாளல் விதிகள், சுங்கம் கைப்பற்றிய அல்லது தடுத்த சரக்குக்குச் சிஎஃப்எஸ் வாடகை, டிமரேஜ் வாங்கக் கூடாது என்கின்றன. ஆனால் "வேறு சட்டத்துக்கு உட்பட்டு" என்ற சொற்களும் அதில் இருக்கின்றன. துறைமுகங்கள் அதைப் பிடித்துக்கொள்ளும். ஆகவே சுங்கத்திடமிருந்து டிடென்ஷன் சான்றிதழ் வாங்குங்கள். எந்தத் தேதியிலிருந்து எந்தத் தேதிவரை தடுத்தார்கள் என்று அதில் தெளிவாக இருக்க வேண்டும். குளிர்சாதனக் கன்டெய்னரின் மின்சாரக் கட்டணம் தனி; அதைத் தகராறு ஆக்கி மின்சாரத்தைப் பிடுங்க விட்டுவிடாதீர்கள். கட்டிவிட்டு ரசீதை வைத்துக்கொள்ளுங்கள்.

பாதி அழுகிவிட்டது. எடுக்கவா, மறுக்கவா?

எடுப்பதானால் கூட்டு மகஜர் போட்டு எடுங்கள். நல்லது எத்தனை பெட்டி, கெட்டது எத்தனை, பெட்டியைத் திறந்தபோது உள்வெப்பநிலை என்ன, வெளியில் வடிந்த நீர், நாற்றம், பூஞ்சை எல்லாம் எழுத்தில். "ஆட்சேபணையோடு பெற்றுக்கொள்கிறேன்" என்று கையெழுத்துக்கு மேல் எழுதுங்கள். மனிதர் உண்ணத் தகாதது என்று தெரிந்த பகுதியை வாங்க மறுக்கலாம்.

இழப்பீட்டுக்கு அடித்தளம் இருக்கிறது. கைப்பற்றிய பொருளை அரசு நியாயமான கவனத்தோடு வைத்திருக்க வேண்டும், திருப்பித் தர முடியாவிட்டால் மதிப்பைத் தர வேண்டும் என்று மேமன் முகமது ஹாஜி ஹசம் வழக்கில் 1967-லேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. 1994-ல் நாகேந்திர ராவ் வழக்கு இன்னும் நெருக்கமானது: அத்தியாவசியப் பொருட்கள் சட்டத்தில் பிடித்த உரமும் தானியமும் அரசுக் காவலில் கெட்டுப்போயின, வியாபாரி அதை வாங்க மறுத்து மதிப்பைக் கேட்டார், அதிகாரிகளின் அலட்சியத்துக்கு அரசே பொறுப்பு என்றது நீதிமன்றம். உரிமையியல் வழக்குக்கு முன் அரசுக்கு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-வது பிரிவில் இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்க வேண்டும். அந்த வழக்கில் நீங்கள் காட்டப்போகும் ஆவணங்கள் முதல் நாள் மகஜரும், வெப்பநிலைக் கடிதத்தின் ஒப்புகையும், கூட்டு மகஜரும்தான்.